அட்வான்ஸ் கொடுத்த வீட்டை வேறொருவருக்கு விற்றுவிட்டால்? கிரய ஒப்பந்தமும் பின்னால் வாங்கியவரும்

ஒரு வீட்டுக்கு விலை பேசி முடித்து, அட்வான்ஸ் கொடுத்து, முத்திரைத்தாளில் கிரய அக்ரிமெண்ட் எழுதிக்கொள்கிறோம். பாக்கிப் பணத்தை ஆறு மாதத்தில் கொடுத்துப் பத்திரம் பதிவு செய்துகொள்வதாகப் பேச்சு. வெளிநாட்டில் இருக்கும் மகனோ சகோதரரோ மாதா மாதம் அனுப்பும் பணம் அதற்காகச் சேர்ந்துகொண்டிருக்கிறது. நான்காவது மாதத்தில், உரிமையாளர் அந்த வீட்டைக் கூடுதல் விலைக்கு வேறொருவருக்குக் கிரயம் செய்து கொடுத்துவிட்டார் என்று தெரியவருகிறது. பத்திரம் பதிவாகிவிட்டது. பட்டாவும் மாறிவிட்டது.

இந்த நிலையில் இருக்கும் குடும்பத்துக்கு ஊரில் இரண்டு விதமான ஆலோசனை கிடைக்கும். "பத்திரம் பதிவாகிவிட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது, அட்வான்ஸைத் திரும்ப வாங்கப் பாருங்கள்" என்பார் ஒருவர். "உங்கள் கையில் அக்ரிமெண்ட் இருக்கிறது, வீடு உங்களுடையதுதான், அந்தப் பத்திரம் செல்லாது" என்பார் இன்னொருவர். இரண்டுமே சரியல்ல. முதலாவதை நம்பினால் கிடைக்கக்கூடிய சொத்தை விட்டுவிடுவோம். இரண்டாவதை நம்பினால் அலட்சியமாக இருந்து காலக்கெடுவைத் தவறவிடுவோம். சட்டம் இந்த இரண்டுக்கும் நடுவில் ஒரு கேள்வியைக் கேட்கிறது: பின்னால் வாங்கியவருக்கு உங்கள் ஒப்பந்தம் தெரியுமா, தெரியாதா? பெரும்பாலான வழக்குகளின் முடிவு இந்தக் கேள்விக்கான பதிலில்தான் இருக்கிறது.

ஒப்பந்தம் சொத்தாகாது

முதலில் ஓர் அடிப்படை விஷயம். 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டத்தின் 54-ஆவது பிரிவு, கிரய ஒப்பந்தம் மட்டும் எழுதிக்கொண்டால் அந்தச் சொத்தில் வாங்குபவருக்கு எந்த உரிமையும் பாத்தியதையும் உண்டாகாது என்கிறது. விலையில் பாதி கொடுத்திருந்தாலும், முழுப் பணத்தையும் கொடுத்திருந்தாலும், பதிவு செய்த கிரயப் பத்திரம் வரும்வரை சொத்தின் உரிமையாளர் விற்பவர்தான்.

அப்படியானால் ஒப்பந்தத்தால் நமக்குக் கிடைப்பது என்ன? "பேசியபடி எனக்குப் பத்திரம் எழுதித் தா" என்று விற்பவரைக் கட்டாயப்படுத்தும் உரிமை கிடைக்கிறது. அவர் மறுத்தால் நீதிமன்றம் மூலம் அதைப் பெறலாம். இதற்கான சட்டம் 1963-ஆம் ஆண்டு இயற்றப்பட்டது. நீதிமன்ற வளாகங்களில் 'ஸ்பெசிபிக் ரிலீஃப் சட்டம்' என்றும், இதன்கீழ் போடும் வழக்கை 'ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கு' என்றும் சொல்வார்கள். முன்பு, சொத்துக்குப் பதிலாக நஷ்டஈடு போதும் என்று முடிவு செய்ய நீதிபதிக்கு அதிகமான விருப்புரிமை இருந்தது. 2018-ல் கொண்டுவந்து அந்த ஆண்டு அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் அந்த விருப்புரிமையை எடுத்துவிட்டது. சட்டம் சொல்லும் விதிவிலக்குகள் தவிர மற்றபடி ஒப்பந்தத்தை நிறைவேற்ற உத்தரவிட வேண்டும் என்பது இன்றைய நிலை.

ஆனால் இந்த உரிமை விற்பவர் என்ற ஆளின் மீது உள்ள உரிமை. அவர் சொத்தைக் கைமாற்றிவிட்ட பிறகு, புதிய உரிமையாளரிடம் போய் இதைக் கேட்க முடியுமா?

பின்னால் வாங்கியவரை எது கட்டுப்படுத்தும்?

கேட்க முடியும் என்கிறது அதே 1963-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 19-ஆவது பிரிவு. ஒப்பந்தத்துக்குப் பிறகு விற்பவரிடமிருந்து சொத்தைப் பெற்ற எவர் மீதும் அந்த ஒப்பந்தத்தை அமல்படுத்தலாம். ஒரே ஒருவருக்குத்தான் விலக்கு. அந்த விலக்கைப் பெற நான்கு நிபந்தனைகளும் சேர்ந்து இருக்க வேண்டும்: அவர் விலை கொடுத்து வாங்கியிருக்க வேண்டும், அந்தப் பணத்தை உண்மையில் செலுத்தியிருக்க வேண்டும், நல்லெண்ணத்தோடு செய்திருக்க வேண்டும், முந்தைய ஒப்பந்தம் பற்றி அவருக்குத் தெரியாமல் இருந்திருக்க வேண்டும். நான்கில் ஒன்று தவறினாலும் பாதுகாப்பு இல்லை.

சொத்து மாற்றுச் சட்டத்தின் 40-ஆவது பிரிவும் இதையே சொல்லி, ஓர் உதாரணமும் தருகிறது. ஒருவர் சுல்தான்பூர் என்ற சொத்தை இன்னொருவருக்கு விற்க ஒப்பந்தம் செய்கிறார். அது நடப்பில் இருக்கும்போதே, அதைப் பற்றித் தெரிந்த மூன்றாமவருக்கு விற்றுவிடுகிறார். முதலில் ஒப்பந்தம் செய்தவர் விற்பவர் மீது என்ன உரிமையோ அதே உரிமையை மூன்றாமவர் மீதும் நிலைநாட்டலாம். 1882-லிருந்து சட்டப் புத்தகத்தில் இருக்கும் உதாரணம் இது. அதாவது இந்தப் பிரச்சினை இன்று நேற்று வந்ததல்ல.

இதில் நமக்குச் சாதகமான இன்னொரு விஷயம், நிரூபிக்கும் பொறுப்பு யாருடையது என்பது. "எனக்குத் தெரியாது, நல்லெண்ணத்தோடுதான் வாங்கினேன்" என்பதைப் பின்னால் வாங்கியவர்தான் முதலில் நீதிமன்றத்தில் சொல்லி நிரூபிக்க வேண்டும். தெரியாது என்பதைச் சாட்சி வைத்து நிரூபிப்பது எளிதல்ல என்பதால், அவர் சாட்சிக் கூண்டில் ஏறித் தெளிவாக மறுத்தாலே தொடக்கத்தில் போதும் என்று நீதிமன்றங்கள் எடுத்துக்கொள்வதுண்டு. பிறகு, அவருக்குத் தெரியும் என்று காட்டும் பொறுப்பு நமக்கு வந்துவிடும். அதனால் நம் பக்கமும் ஆதாரம் வேண்டும்.

'தெரியாது' என்று சொல்லிவிட்டால் போதுமா?

போதாது. சொத்து மாற்றுச் சட்டத்தின் 3-ஆவது பிரிவின்படி, ஒருவருக்கு ஒரு விஷயம் நேரடியாகத் தெரிந்திருக்க வேண்டும் என்ற அவசியம் இல்லை. விசாரித்திருக்க வேண்டிய இடத்தில் வேண்டுமென்றே விசாரிக்காமல் இருந்தாலும், பெரும் அலட்சியமாக இருந்தாலும், தெரிந்தவராகவே சட்டம் அவரைக் கருதும். நடைமுறையில் இது மூன்று வழிகளில் வரும்.

ஒன்று, பதிவு. பதிவு செய்தாக வேண்டிய ஓர் ஆவணம் முறையாகப் பதிவாகியிருந்தால், அந்தச் சொத்தைப் பிறகு வாங்குபவர் அதைப் பார்த்தாரோ இல்லையோ, பார்த்ததாகவே கருதப்படுவார். தமிழ்நாட்டில் பதிவுச் சட்டத்துக்குக் கொண்டுவந்த திருத்தம் 2012 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அன்று முதல், நூறு ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள அசையாச் சொத்தின் கிரய ஒப்பந்தங்களும் கட்டாயம் பதிவு செய்ய வேண்டியவை ஆகிவிட்டன. பதிவான ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் வந்துவிடும். ஈசி போட்டுப் பார்க்கும் எவருக்கும் அது தெரியும். பிறகு "தெரியாது" என்ற வாதம் எடுபடாது.

இரண்டு, குடியிருப்பு. சொத்தை உண்மையில் யார் அனுபவித்து வருகிறாரோ அவருக்கு உள்ள உரிமை, வாங்க வருபவருக்குத் தெரிந்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். வாடகைக்குக் குடியிருப்பவரே அந்த வீட்டை வாங்க ஒப்பந்தம் போட்டிருந்த வழக்குகள் 2000-ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தன. குடியிருப்பவரிடம் ஒரு வார்த்தை கேட்டிருந்தாலே ஒப்பந்தம் பற்றித் தெரிந்திருக்கும். "வாடகைதாரர்தானே" என்று கேட்காமல் விட்டவர், தனக்குத் தெரியாது என்று பிறகு சொல்லிக்கொள்ள முடியாது என்பது அந்தத் தீர்ப்புகளின் சாரம்.

மூன்று, நமக்காகச் செயல்படுபவர். இது வெளிநாட்டில் இருந்துகொண்டு ஊரில் சொத்து வாங்குபவர்கள் கவனிக்க வேண்டியது. துபாயில் இருப்பவர் தன் மச்சானுக்குப் பவர் கொடுத்து வீடு வாங்குகிறார். அந்த வீட்டுக்கு முன்பே ஒருவர் அட்வான்ஸ் கொடுத்திருப்பது, வாங்கும் வேலையில் ஈடுபட்டிருக்கும் மச்சானுக்குத் தெரியவருகிறது. துபாயில் இருப்பவருக்கு அதை அவர் சொல்லவில்லை. ஆனாலும் சட்டப்படி அது துபாயில் இருப்பவருக்கும் தெரிந்ததாகவே கருதப்படும். "நான் ஊரிலேயே இல்லையே" என்ற பதில் உதவாது.

விலை கொடுக்காமல் பெற்றவர்

முந்தைய ஒப்பந்தத்திலிருந்து தப்பிக்க, சொத்தை மனைவிக்கோ மகனுக்கோ ஹிபா கொடுத்துவிட்டேன் என்று சொல்பவர்களும் உண்டு. ஹிபா என்பது விலை வாங்காமல் கொடுப்பது. விலை கொடுத்து வாங்கியவருக்குத்தான் மேலே சொன்ன விலக்கு. எனவே ஒப்பந்தத்துக்குப் பிறகு ஹிபாவாகவோ, தானமாகவோ, செட்டில்மெண்டாகவோ பெற்றவருக்கு அந்த ஒப்பந்தம் தெரியாமல் இருந்தாலும் பாதுகாப்பு இல்லை. ஒப்பந்தம் அவரையும் கட்டுப்படுத்தும்.

ஆனால் இங்கே வேறு ஓர் ஆபத்து இருக்கிறது. முஸ்லிம்கள் கொடுக்கும் ஹிபாவுக்குப் பதிவு கட்டாயமல்ல. கொடுப்பதாகச் சொல்வது, பெறுபவர் ஏற்பது, சொத்தை ஒப்படைப்பது ஆகிய மூன்றும் இருந்தால் வாய்மொழி ஹிபாவும் செல்லும். எழுதி வைத்திருந்தாலும் அதைப் பதிவு செய்ய வேண்டியதில்லை என்று 2011-ல் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆகவே "ஒப்பந்தம் போடுவதற்கு முன்பே வீட்டை மகளுக்கு ஹிபா கொடுத்துவிட்டேன்" என்ற வாதம் வந்து, அது உண்மை என்று நிரூபணமானால், ஒப்பந்தம் போட்ட நாளில் விற்பவரிடம் விற்க எதுவுமே இல்லை என்றாகிவிடும். ஈசியில் இது தெரியாது. எனவே நம் சமுதாயத்துக் குடும்பத்தின் சொத்தை வாங்கும்போது, வீட்டில் இருப்பவர்களையும் பிள்ளைகளையும் நேரில் கேட்டுவிட்டு, அவர்களை ஒப்பந்தத்தில் சாட்சியாகக் கையெழுத்திட வைப்பது நல்லது. ஹிபா கொடுப்பவர்களும் அதைப் பதிவு செய்துவிட்டால் பிற்காலத்தில் பிள்ளைகளுக்குச் சிக்கல் இருக்காது.

விற்பவர் மவுத்தாகிவிட்டாலும் ஒப்பந்தம் செத்துவிடாது. அவருடைய வாரிசுகள் அவர் வழியாகவே சொத்தைப் பெறுகிறார்கள். எனவே அவர்கள் மீதும் அதை அமல்படுத்தலாம்.

வாரிசுகளில் ஒருவர் மட்டும் கையெழுத்திட்டால்

பின்னால் வாங்கியவரோடு நடக்கும் சண்டைகளில் பல, உண்மையில் பாகப்பிரிவினை ஆகாத சொத்தில் தொடங்குகின்றன. தகப்பனார் மவுத்தான பிறகு மூத்த மகன் மட்டும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு அட்வான்ஸ் வாங்குகிறார். பிறகு சகோதரிகளும் தாயாரும் சேர்ந்து வேறொருவருக்கு நல்ல விலைக்குக் கொடுத்துவிடுகிறார்கள்.

ஷரீஅத் சட்டப்படி, ஒருவர் இறந்த அந்த நிமிடமே ஒவ்வொரு வாரிசுக்கும் தனித்தனிப் பங்கு குறிப்பாகிவிடுகிறது. மூத்தவர் என்பதற்காக மற்றவர்களின் பங்கை விற்கும் அதிகாரம் யாருக்கும் இல்லை. அவர் போட்ட ஒப்பந்தம் அவருடைய பங்கைத்தான் கட்டுப்படுத்தும். மற்ற வாரிசுகள் பவர் கொடுத்திருந்தாலோ, சேர்ந்து கையெழுத்திட்டிருந்தாலோ மட்டுமே முழு வீட்டையும் கேட்க முடியும்.

வயது வராத பிள்ளைகளின் பங்கு இருந்தால் இன்னும் கவனம் வேண்டும். தகப்பனார் இல்லாத நிலையில் தாயோ, அண்ணனோ, மாமாவோ பிள்ளையின் அசையாச் சொத்தைத் தாமாக விற்க முடியாது, அப்படிச் செய்த விற்பனை பிள்ளையைக் கட்டுப்படுத்தாது என்று 1918-லேயே லண்டன் பிரிவி கவுன்சில் தீர்ப்பளித்திருக்கிறது. முஸ்லிம் சட்டத்தில் பிள்ளையின் சொத்துக்குக் காப்பாளர்கள் தகப்பனாரும் தகப்பனாரின் தகப்பனாரும், இவர்கள் தம் உயில் மூலம் நியமித்தவர்களும்தான். அவர்கள் இல்லையென்றால் 1890-ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டப்படி நீதிமன்றத்தை அணுகிக் காப்பாளர் நியமனமும் விற்க அனுமதியும் பெற வேண்டும். இதைச் செய்யாமல் போட்ட ஒப்பந்தத்தை நம்பிப் பின்னால் வாங்கியவர் மீது வழக்குப் போட்டால், பிள்ளையின் பங்கு அளவுக்கு நம் வழக்கு நிற்காது.

நீதிமன்றம் எப்படித் தீர்ப்புச் சொல்லும்?

பின்னால் வாங்கியவருக்கு ஒப்பந்தம் தெரியும் என்று முடிவானால், பத்திரத்தை யார் எழுதித் தர வேண்டும்? சொத்தின் உரிமை இப்போது அவரிடம் இருக்கிறது. ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவரோ விற்பவர். 1950-களில் உச்ச நீதிமன்றம் இதற்கு ஒரு முறையை வகுத்தது. நீதிபதி விவியன் போஸ் எழுதிய அந்தத் தீர்ப்பின்படி, விற்பவர் தன் ஒப்பந்தத்தை நிறைவேற்றிப் பத்திரம் எழுதித் தர வேண்டும். பின்னால் வாங்கியவரும் அந்தப் பத்திரத்தில் சேர்ந்து கையெழுத்திட்டுத் தன்னிடம் உள்ள உரிமையை முதலில் ஒப்பந்தம் செய்தவருக்கு மாற்ற வேண்டும். இன்றும் நீதிமன்றங்கள் பின்பற்றும் முறை இதுதான்.

இதிலிருந்து ஒரு நடைமுறைப் பாடம் கிடைக்கிறது. வழக்குப் போடும்போது விற்பவரை மட்டும் எதிர்த்தரப்பாகச் சேர்த்தால் போதாது. பின்னால் வாங்கியவரையும் சேர்த்தாக வேண்டும். அவர் இல்லாமல் தீர்ப்புப் பெற்றாலும் உரிமை அவரிடமே இருக்கும். அவர் விற்பவருக்குக் கொடுத்த பணத்தை, அவர் விற்பவரிடம்தான் கேட்டுப் பெற வேண்டும்.

நல்ல வழக்குகள் தோற்கும் இடங்கள்

பின்னால் வாங்கியவருக்கு எல்லாம் தெரிந்திருந்தும், முதலில் ஒப்பந்தம் செய்தவர் தோற்றுப்போகும் வழக்குகள் உண்டு. காரணங்கள் பெரும்பாலும் இவைதான்.

பணம் தயாராக இல்லாமை. ஒப்பந்தம் போட்ட நாளிலிருந்து தொடர்ந்து, பாக்கிப் பணத்தைக் கொடுத்துப் பத்திரம் முடிக்க நாம் தயாராகவும் விருப்பமாகவும் இருந்தோம் என்பதை நாம்தான் நிரூபிக்க வேண்டும். பணத்தை நீதிமன்றத்தில் கட்டியே ஆக வேண்டும் என்றில்லை, நீதிமன்றம் கட்டச் சொன்னால் ஒழிய. ஆனால் வங்கிக் கணக்கு, வெளிநாட்டிலிருந்து வந்த பணத்தின் விவரம், கடனுக்கான அனுமதி என்று ஏதாவது ஆதாரம் காட்ட வேண்டும். "பணம் வீட்டில் ரொக்கமாக இருந்தது" என்ற வாய்ச் சொல்லை மட்டும் நம்பி வழக்கு நடத்துவது ஆபத்து. பாக்கிப் பணம் தயார், பத்திரம் முடித்துத் தாருங்கள் என்று கெடு முடிவதற்குள் எழுத்து மூலம் நோட்டீஸ் அனுப்பியிருந்தால் அதுவே பலமான ஆதாரம்.

காலதாமதம். ஒப்பந்தத்தில் கெடுத் தேதி இருந்தால் அந்தத் தேதியிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் வழக்குப் போட வேண்டும். தேதி இல்லையென்றால், விற்பவர் மறுத்தது நமக்குத் தெரிந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகள். ஜமாஅத்தில் பேச்சுவார்த்தை நடக்கிறது, போலீசில் புகார் கொடுத்திருக்கிறோம் என்பதற்காக இந்தக் கெடு நிற்பதில்லை. மூன்று ஆண்டுகள் இருக்கிறதே என்று சும்மா இருப்பதும் தவறு. நகர்ப்புறங்களில் நிலவிலை வேகமாக ஏறும் இக்காலத்தில், கெடுவைப் பொருட்படுத்தாமல் இருந்துவிட்டுக் கடைசியில் பழைய விலைக்குச் சொத்தைக் கேட்பவர்களை நீதிமன்றங்கள் கடுமையாகப் பார்க்க வேண்டும் என்று 2011-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

அரைகுறை வழக்கு. வேறு யாருக்கும் விற்கக் கூடாது என்று தடை கேட்டு மட்டும் அவசரமாக ஒரு வழக்கைப் போட்டுவிட்டு, பத்திரம் எழுதித் தரக் கேட்கும் வழக்கைப் பிறகு போடலாம் என்று விடுவார்கள். ஒரே காரணத்திலிருந்து எழும் பரிகாரங்களை, நீதிமன்ற அனுமதி இல்லாமல் பிரித்து இரண்டு வழக்காகப் போட்டால் இரண்டாவது வழக்குக்குத் தடை வரலாம். சென்னையிலிருந்து சென்ற ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் இப்படித்தான் முடிவு செய்தது. எனவே பத்திரம், சுவாதீனம், கிடைக்காவிட்டால் அட்வான்ஸைத் திரும்பப் பெறுவது எல்லாவற்றையும் ஒரே வழக்கில் கேட்டுவிட வேண்டும். அட்வான்ஸைத் திருப்பிக் கேட்டு மனுவில் எழுதாவிட்டால், அதற்கு உத்தரவு கிடைப்பதும் சிக்கலாகும்.

ரத்து நோட்டீஸைப் புறக்கணித்தல். ஒப்பந்தத்தை ரத்து செய்துவிட்டதாக விற்பவர் நோட்டீஸ் அனுப்பியிருந்தால் அதற்குப் பதில் அனுப்ப வேண்டும். வழக்கிலும் அந்த ரத்து செல்லாது என்று அறிவிக்கக் கேட்பதே பாதுகாப்பு.

கடனுக்கு ஈடாக எழுதிய அக்ரிமெண்ட். கைமாற்றாகப் பணம் கொடுத்துவிட்டு, அதற்கு ஈடாகக் கிரய ஒப்பந்தம் எழுதி வாங்கும் பழக்கம் நம்மிடம் பரவலாக இருக்கிறது. உண்மையில் அது விற்பனைக்காக எழுதப்பட்டதல்ல, கடனுக்காக எழுதப்பட்டது என்று தெரிந்தால், நீதிமன்றம் சொத்தை எழுதித் தரச் சொல்லாது.

வழக்குப் போட்ட பிறகு விற்றால்

வழக்குத் தாக்கலாகி நிலுவையில் இருக்கும்போது விற்பவர் சொத்தைக் கைமாற்றினால் நிலைமை வேறு. சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆவது பிரிவுப்படி, மனு நீதிமன்றத்தில் கொடுக்கப்பட்ட நாளிலிருந்து நடக்கும் எந்த விற்பனையும் அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது. வாங்கியவருக்கு வழக்கு தெரியுமா, தெரியாதா என்ற கேள்வியே இங்கே எழாது. நல்லெண்ணத்தோடு வாங்கினேன் என்ற வாதமும் உதவாது. தகராறு வந்துவிட்டது என்று தெரிந்த பிறகு தாமதிக்காமல் வழக்குப் போடச் சொல்வதற்கு இதுவே பெரிய காரணம். விற்பதற்கு முன் போட்டால் சட்டமே காவல் நிற்கும். விற்ற பிறகு போட்டால், அவருக்குத் தெரியும் என்பதற்கு நாம் ஆதாரம் தேட வேண்டும்.

ஒப்பந்தத்தைப் பதிவு செய்யவில்லையே, என்ன செய்வது?

2012-க்குப் பிறகு பதிவு கட்டாயம் என்றாலும், பதிவு செய்யாத ஒப்பந்தம் குப்பைக்குப் போக வேண்டியதல்ல. தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், பதிவுச் சட்டத்தின் 49-ஆவது பிரிவில் உள்ள விலக்கைச் சுட்டிக்காட்டி, ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில் பதிவு செய்யாத கிரய ஒப்பந்தத்தையும் சாட்சியமாக ஏற்கலாம் என்று தீர்ப்பளித்தது. அதனால் விற்பவர் மீது வழக்குப் போட வழி இருக்கிறது.

ஆனால் பின்னால் வாங்கியவர் விஷயத்தில்தான் பதிவின் அருமை தெரியும். பதிவில்லாத ஒப்பந்தம் ஈசியில் வராது. அவருக்கு அது தெரியும் என்பதை வேறு வழியில் காட்ட வேண்டும்: ஒரே தெருக்காரர், விற்பவரின் நெருங்கிய உறவினர், இருவருக்கும் ஒரே தரகர், நாம் அனுப்பிய நோட்டீஸ், சந்தை விலையைவிட மிகக் குறைந்த விலைக்கு நடந்த விற்பனை, பணம் கைமாறியதற்கு வங்கி ஆதாரம் இல்லாமை என்று ஒவ்வொன்றாகச் சேர்க்க வேண்டும். வீடு நம் அனுபவத்திலேயே இருந்தாலும், 2001 செப்டம்பர் 24-க்குப் பிறகு எழுதிய ஒப்பந்தம் பதிவாகியிருந்தால்தான், அதைக் காட்டிச் சுவாதீனத்தைக் காத்துக்கொள்ளும் 53-ஏ பிரிவின் பாதுகாப்பு கிடைக்கும்.

வாங்குபவர் நாமாக இருந்தால்

இதுவரை ஒப்பந்தம் போட்டவரின் பக்கத்திலிருந்து பார்த்தோம். நாளை இரண்டாவதாக வாங்குபவர் நாமாகவும் இருக்கலாம். வாழ்நாள் சேமிப்பைக் கொடுத்துப் பத்திரம் முடித்த பிறகு, முன்பே ஒப்பந்தம் போட்டவர் வழக்கோடு வந்து நிற்பதும் ஒரு குடும்பத்துக்குப் பெரிய சோதனைதான்.

பத்திரம் பதிவாகிவிட்டது என்பதால் எல்லாம் சரி என்று எண்ண வேண்டாம். உரிமைத் தகராறை விசாரித்துத் தீர்ப்பது சார்பதிவாளரின் வேலையல்ல. பத்திரம் முடிக்கும் நாளுக்கு முந்தைய நாள்வரை ஈசி எடுத்துப் பாருங்கள். ஒப்பந்தம் ஏதாவது பதிவாகியிருந்தால், அதன் கெடு முடிந்துவிட்டது என்று விற்பவர் சொல்வதை மட்டும் நம்பாமல், முறையாகப் பதிவு செய்த ரத்துப் பத்திரம் கேளுங்கள். கெடு முடிந்தாலும் வழக்குப் போட மூன்று ஆண்டு இருக்கிறது என்பதை நினைவில் வையுங்கள். வீட்டில் யார் குடியிருக்கிறார்கள் என்று நேரில் போய்ப் பார்த்து, அவர்களிடம் "நீங்கள் இந்த வீட்டுக்கு அட்வான்ஸ் ஏதும் கொடுத்திருக்கிறீர்களா?" என்று நேராகக் கேளுங்கள். அக்கம்பக்கத்திலும் பள்ளிவாசல் நிர்வாகத்திலும் விசாரியுங்கள். பணத்தை வங்கி மூலமே கொடுங்கள். இப்படி விசாரித்ததற்கும் பணம் கொடுத்ததற்கும் இருக்கும் ஆதாரம்தான், நல்லெண்ணத்தோடு வாங்கினோம் என்று நாளை நீதிமன்றத்தில் நம்மைக் காப்பாற்றும்.

முன்பே ஒப்பந்தம் இருக்கிறது என்று தெரிந்தும், சில லட்சம் கூட்டிக் கொடுத்து வாங்கிவிடலாம் என்று நினைப்பவர்கள் சட்டத்தின் பாதுகாப்பை அந்த இடத்திலேயே இழக்கிறார்கள். ஒரு சகோதரர் பேசி முடித்த வியாபாரத்தின் மேல் இன்னொருவர் வியாபாரம் பேசக் கூடாது என்ற நபிவழித் தடை புகாரியிலும் முஸ்லிமிலும் பதிவாகியிருப்பதை நாம் அனைவரும் அறிவோம். இந்த விஷயத்தில் மார்க்கமும் நாட்டின் சட்டமும் ஒரே பக்கம் நிற்கின்றன. திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம், அல்பகராவின் 282-ஆவது வசனம், கொடுக்கல் வாங்கலை எழுதி வைப்பதையும் சாட்சி வைப்பதையும் பற்றியது என்பதும் இங்கே நினைக்கத்தக்கது. சொந்தக்காரர்தானே, ஜமாஅத்துக்காரர்தானே, எழுதிக் கேட்டால் தப்பாக நினைப்பார் என்று தயங்குவது தேவையில்லாத தயக்கம்.

எனவே அட்வான்ஸ் கொடுக்கும் அன்றே எல்லா வாரிசுகளின் கையெழுத்தோடு ஒப்பந்தத்தைப் பதிவு செய்யுங்கள். கெடு முடியும் முன்பே, பணம் தயார் என்று எழுத்து மூலம் தெரிவியுங்கள். விற்பவர் பின்வாங்குகிறார் என்று தெரிந்தால், ஜமாஅத்தில் பேசிக்கொண்டே, ஒப்பந்தத்தையும் பணம் கொடுத்த ரசீதுகளையும் எடுத்துக்கொண்டு அந்த வாரமே ஒரு சிவில் வழக்கறிஞரைப் பாருங்கள். சொத்து வேறு கைக்குப் போவதற்கு முன் இதைச் செய்துவிட்டால், பின்னால் வாங்கியவருக்குத் தெரியுமா தெரியாதா என்று ஆண்டுக்கணக்கில் நீதிமன்றத்தில் நிரூபித்துக்கொண்டிருக்க வேண்டிய நிலை பெரும்பாலும் வராது.